பிருத்வி அரங்கை எழுப்பிய ஆங்கில நடிகை: ஜெனிஃபர் கெண்டலின் வாழ்க்கை

முலுண்ட் (மும்பை): முலுண்டில் மின்சார ரயில் ஏறி, தாதரில் மேற்கு வழித்தடத்துக்கு மாறி, வில்லே பார்லேயில் இறங்கி, ஆட்டோ பிடித்தால் ஜுஹுவில் உள்ள பிருத்வி அரங்கை அடையலாம். மாலைக் காட்சிக்குச் செல்வோர் நேரத்தைச் சற்றுத் தாராளமாகவே கணக்கிட்டுக் கிளம்ப வேண்டும். மூன்றாவது மணி ஒலித்துவிட்டால் அங்கு யாருக்காகவும் கதவு திறக்கப்படாது. எவ்வளவு பெரிய திரை நட்சத்திரமானாலும் வெளியே நிற்க வேண்டியதுதான்.

அரங்கின் பெயரைக் கேட்டதும் நினைவுக்கு வருபவர் பிருத்விராஜ் கபூர். அடுத்து அவருடைய இளைய மகன் சசி கபூர். ஆனால் அந்த அரங்கைத் திட்டமிட்டு, திறந்து, நாள்தோறும் நடத்திக் காட்டியவர் சசி கபூரின் மனைவி. இங்கிலாந்தில் பிறந்து, இந்தியச் சாலைகளில் வளர்ந்து, மும்பையில் வாழ்ந்து, 50 வயதில் மறைந்த நடிகை ஜெனிஃபர் கெண்டல். அவர் நடித்த திரைப்படங்களைக் கைவிரல்களில் எண்ணிவிடலாம். அவற்றுள் நாயகியாக நடித்தவை இரண்டே இரண்டு. மேடையில் இளமை முழுவதும் நாயகியாக இருந்த ஒருவருக்குத் திரை இவ்வளவு குறைவாகவே இடம் தந்தது.

ஊர் ஊராகச் சென்ற குடும்பம்

ஜெனிஃபர் 1934ஆம் ஆண்டு பிப்ரவரி 28ஆம் தேதி இங்கிலாந்தின் சவுத்போர்ட் நகரில் பிறந்தார். தந்தை ஜெஃப்ரி கெண்டல், தாய் லாரா லிடெல் இருவருமே மேடை நடிகர்கள். தந்தையின் இயற்பெயர் ஜெஃப்ரி பிராக். தாம் பிறந்த கெண்டல் என்னும் ஊரின் பெயரையே மேடைப் பெயராகச் சூட்டிக்கொண்டவர் அவர். சொந்த ஊரைப் பெயரோடு ஒட்டிக்கொள்ளும் வழக்கம் நம் நாடகக்காரர்களுக்கும் பாகவதர்களுக்கும் புதிதன்று. ஆனால் ஊர்ப் பெயரைச் சுமந்த அந்த மனிதர் தம் வாழ்நாளின் பெரும்பகுதியை எந்த ஊரிலும் நிலையாகத் தங்காமலேயே கழித்தார்.

இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் படைவீரர்களுக்கு நாடகம் நடத்தும் பொழுதுபோக்குக் குழுவோடு ஜெஃப்ரி இந்தியாவுக்கு வந்தார். நாட்டின் மீதும் இங்குள்ள பார்வையாளர்களின் மீதும் அவருக்குப் பற்று ஏற்பட்டது. 1947ஆம் ஆண்டு, ஆங்கிலேயர்கள் மூட்டை கட்டிக்கொண்டு கப்பல் ஏறிய வேளையில், அவர் தம் சொந்த நாடகக் குழுவோடு எதிர்த் திசையில் வந்து இறங்கினார். முதல் பயணம் 1948ஆம் ஆண்டின் இறுதிவரை நீடித்தது. பின்னர் 1953ஆம் ஆண்டில் குழு மீண்டும் வந்தது. அதன் பெயர் ஷேக்ஸ்பியரானா.

அக்குழுவுக்கென்று அரங்கம் கிடையாது. பள்ளிக்கூட மண்டபம், கல்லூரி முற்றம், மன்னர்களின் தர்பார் மண்டபம், மலைவாசத்தலத்துக் கிளப் என எங்கு இடம் கிடைக்கிறதோ அங்கே திரை கட்டப்படும். ஹாம்லெட், மேக்பெத், ஒத்தெல்லோ, வெனிஸ் நகர வணிகன் ஆகியவை முதன்மை நாடகங்கள். இடையிடையே பெர்னார்ட் ஷாவும் கோல்ட்ஸ்மித்தும் வருவார்கள். 1953 முதல் 1956 வரையிலான காலத்தில் மட்டும் 800க்கும் மேற்பட்ட காட்சிகளை அவர்கள் நடத்தினர். பெட்டி படுக்கைகளையும் உடைகளையும் வாள்களையும் ரயிலில் ஏற்றி இறக்கியவர்களும் நடிகர்களே. முற்பகலில் மேடை கட்டியவர் மாலையில் இளவரசராக நிற்பார்.

இந்த வாழ்க்கை தமிழ் வாசகர்களுக்கு அந்நியமானதாகத் தோன்றாது. சங்கரதாஸ் சுவாமிகள் காலத்துப் பாய்ஸ் கம்பெனிகளும், டி.கே.எஸ். சகோதரர்களின் குழுவும், நவாப் ராஜமாணிக்கத்தின் குழுவும் இதே போலத்தான் ஊர் ஊராகச் சென்றன. பிள்ளைகள் மேடையிலேயே வளர்ந்தார்கள், மேடையிலேயே படித்தார்கள், இன்று சிறு வேடம், நாளை நாயக வேடம் என உயர்ந்தார்கள். ஒரு வேறுபாடு உண்டு. தமிழ்க் கம்பெனிப் பிள்ளைகள் வீட்டை விட்டு வந்து குழுவில் சேர்ந்தவர்கள். ஜெனிஃபருக்குக் குழுவே வீடு. தந்தைதான் முதலாளி, இயக்குநர், சக நடிகர் எல்லாம்.

பதின்ம வயதிலேயே ஜெனிஃபர் குழுவின் முதன்மை நடிகையரில் ஒருவரானார். அவருக்குப் பன்னிரண்டு ஆண்டுகள் இளையவரான தங்கை ஃபெலிசிட்டி, கைக்குழந்தையாக இருந்தபோதே மேடைக்குத் தூக்கிச் செல்லப்பட்டவர். பின்னாளில் வங்க நாடகத்தின் பேராளுமையாக விளங்கிய உத்பல் தத், இளைஞராக இருந்தபோது இக்குழுவில்தான் தொழில்முறை நடிப்பின் ஒழுங்கைக் கற்றார்.

கல்கத்தாவில் சந்தித்த இரு குழுக்கள்

அதே காலத்தில் மற்றொரு குடும்பமும் நாடகப் பெட்டிகளோடு நாட்டைச் சுற்றிக்கொண்டிருந்தது. பிருத்விராஜ் கபூர் 1944ஆம் ஆண்டில் பிருத்வி தியேட்டர்ஸ் என்ற இந்தி நாடகக் குழுவைத் தொடங்கியிருந்தார். திரைப்படத்தில் சம்பாதித்ததை நாடகத்தில் செலவழித்தவர் அவர். காட்சி முடிந்ததும் வாயிலில் துணிப்பையை ஏந்தி நின்று பொதுக்காரியங்களுக்கு நன்கொடை திரட்டுவது அவருடைய வழக்கம். குடும்பம் மாட்டுங்காவில் குடியிருந்தது. சசி கபூர் படித்ததும் மாட்டுங்காவின் டான் போஸ்கோ பள்ளியில்தான். தமிழர்கள் அடர்ந்து வாழும் அதே மாட்டுங்கா. மூத்த மகன் ராஜ் கபூர் செம்பூரில் ஆர்.கே. ஸ்டுடியோவை நிறுவினார். மும்பைத் தமிழர்களின் அன்றாட வழித்தடத்திலேயே கபூர் குடும்பத்தின் கதையும் ஓடியது என்று சொல்லலாம்.

1956ஆம் ஆண்டில் இரு குழுக்களும் கல்கத்தாவில் முகாமிட்டிருந்தன. சசிக்கு வயது 18, ஜெனிஃபருக்கு 22. பிருத்வி குழுவின் நாடகத்தைக் காண வந்திருந்த ஜெனிஃபரைத் திரையின் இடைவெளி வழியாகச் சசி பார்த்ததாகக் கூறப்படுகிறது. பின்னர் ஷேக்ஸ்பியரின் புயல் நாடகத்தில் மிராண்டாவாக அவர் நடித்ததைச் சசி கண்டார். தந்தையைத் தவிர வேறு மனிதரையே பார்த்தறியாத தீவுப் பெண் மிராண்டா. கரை ஒதுங்கும் இளைஞனைக் கண்டதும் காதல் கொள்பவள். கதையோடு வாழ்க்கை இந்த அளவுக்குப் பொருந்தியது தற்செயல்தான்.

புயல் நாடகத்துத் தந்தை தானே அந்தக் காதலுக்கு வழிவகுத்தவர். ஜெஃப்ரி அப்படி இல்லை. மணமகன் இந்தியர் என்பதைவிட, தம் குழுவின் முதன்மை நடிகை கைவிட்டுப் போகிறாரே என்பதுதான் அவரை வாட்டியது. சசி ஷேக்ஸ்பியரானாவில் சேர்ந்து சிறு வேடங்களில் நடித்தார். ஆங்கில உச்சரிப்பையும் செய்யுள் வரிகளை மூச்சு பிரித்துப் பேசும் முறையையும் அங்கே கற்றார். எனினும் தந்தையின் மனம் இளகவில்லை. 1958ஆம் ஆண்டு ஜூலையில் பம்பாயில் திருமணம் நடைபெற்றது. மகள் கபூர் வீட்டு மருமகளானார். குழு தன் நாயகியை இழந்தது. தந்தைக்கும் மகளுக்கும் இடையில் அந்த மனத்தாங்கல் உடனே ஆறிவிடவில்லை.

மேடையை விட்டு வீட்டுக்குள்

அடுத்த இருபது ஆண்டுகளைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம், ஜெனிஃபரின் நடிப்பு வாழ்க்கையும் அந்த ஆண்டுகளில் சுருங்கியே இருந்தது. 1960ஆம் ஆண்டில் பிருத்விராஜ் உடல்நிலையும் குரலும் குன்றித் தம் குழுவைக் கலைத்தார். குணால், கரண், சஞ்சனா என மூன்று பிள்ளைகள் பிறந்தனர். சசி திரைத்துறையில் நுழைந்து, சில ஆண்டுகள் தடுமாறி, 1965ஆம் ஆண்டில் வெளிவந்த ஜப் ஜப் பூல் கிலே படத்துக்குப் பின் முன்னணி நாயகரானார். இந்தி வணிகத் திரைப்படத்தில் வெள்ளைக்காரப் பெண்ணுக்குக் கிடைக்கக்கூடிய வேடங்கள் எவை என்பது எல்லோருக்கும் தெரியும். அவற்றை ஏற்று நடிக்க ஜெனிஃபர் முன்வரவில்லை.

1965ஆம் ஆண்டில் ஷேக்ஸ்பியர் வாலா வெளிவந்தது. இஸ்மாயில் மெர்ச்சன்ட் தயாரித்து, ஜேம்ஸ் ஐவரி இயக்கிய அப்படம் கெண்டல் குடும்பத்தின் நாடோடி வாழ்க்கையிலிருந்தே உருவானது. ஜெஃப்ரி, லாரா, ஃபெலிசிட்டி மூவரும் முதன்மை வேடங்களில் நடித்தனர். உத்பல் தத் மகாராஜாவாக வந்தார். சசி நாயகர். சத்யஜித் ராய் இசை அமைத்தார். இந்திய இளைஞனைக் காதலிக்கும் ஆங்கில நடிகை என்பது உண்மையில் ஜெனிஃபரின் கதை. அதில் நடித்தவர் தங்கை. விடுதி நடத்தும் பெண்மணியாகச் சிறு வேடத்தில், பெயர்ப் பட்டியலில்கூட இடம்பெறாமல், ஜெனிஃபர் வந்து போனார். படத்தில் காதல் கைகூடுவதில்லை. நாயகி இங்கிலாந்துக்குக் கப்பல் ஏறிவிடுகிறாள். ஃபெலிசிட்டியும் விரைவிலேயே இங்கிலாந்து சென்று, பிபிசி தொலைக்காட்சியின் நகைச்சுவைத் தொடர் ஒன்றின் வழியே அந்நாட்டின் வீட்டுக்கு வீடு அறிந்த நட்சத்திரமானார். அக்காள் இங்கேயே தங்கினார்.

1970ஆம் ஆண்டில் ஐவரியின் பாம்பே டாக்கி படத்தில் ஜெனிஃபருக்கு நாயகி வேடம் கிடைத்தது. பம்பாய்க்கு வரும் ஆங்கில நாவலாசிரியை லூசியா, திருமணமான திரைநட்சத்திரம் ஒருவரோடு உறவு கொண்டு, சுற்றியுள்ள எல்லோருக்கும் துன்பம் விளைவிப்பவள். நட்சத்திரமாக நடித்தவர் சசி. தம் இயல்புக்கு நேர்மாறான, தன்னலமும் தனிமையும் நிறைந்த பெண்ணை ஜெனிஃபர் அப்படத்தில் சற்றும் அழகுபடுத்தாமல் நடித்துக் காட்டினார். படத்தைப் பெரும்பாலோர் கண்டுகொள்ளவில்லை.

ஜுஹுவில் ஓர் அரங்கு

பிருத்விராஜ் தம் குழுவுக்கு நிலையான அரங்கு ஒன்று வேண்டும் என்று நெடுங்காலம் விரும்பியவர். அதற்காக 1962ஆம் ஆண்டில் ஜுஹுவில் நிலத்தைக் குத்தகைக்கு எடுத்திருந்தார். அரங்கு எழும்பவில்லை. 1972ஆம் ஆண்டு மே 29ஆம் தேதி அவர் காலமானார். அதே ஆண்டில் குத்தகையும் முடிந்தது. நிலத்தைக் குடும்பம் விலைக்கு வாங்கியது. 1975ஆம் ஆண்டில் அவர் பெயரில் அறக்கட்டளை நிறுவப்பட்டது. அப்போது சசி ஒரே நாளில் பல படப்பிடிப்புகளுக்கு ஓடிக்கொண்டிருந்தார். வாடகை டாக்சி போல ஆகிவிட்டதாக அண்ணன் ராஜ் கபூரே கேலி செய்யும் அளவுக்கு அவருக்கு ஓய்வில்லை. அந்த ஓட்டத்தில் வந்த பணத்தின் ஒரு பகுதி அரங்கிற்குச் சென்றது. அந்தப் பணத்தைக் கொண்டு என்ன கட்ட வேண்டும், எப்படி நடத்த வேண்டும் என்பது ஜெனிஃபரின் பொறுப்பாயிற்று.

அன்றைய பம்பாயில் அரங்குகளுக்குப் பஞ்சமில்லை என்றே மேலோட்டமாகத் தோன்றும். தாதரில் மராத்தி நாடகத்துக்குச் சிவாஜி மந்திர் இருந்தது. மாட்டுங்கா அருகே சண்முகானந்தா மண்டபத்தில் கர்நாடக இசைக்கும் சென்னையிலிருந்து வரும் நாடகங்களுக்கும் ஆயிரக்கணக்கானோர் கூடினர். ஆனால் புதிய முயற்சிகளில் இறங்கிய சிறு குழுக்களுக்கு, குறிப்பாக இந்தியில் நாடகம் போட்டவர்களுக்கு, கட்டுப்படியாகும் வாடகையில் இடம் கிடைக்கவில்லை. பெரிய மண்டபத்தைப் பிடித்தால் பாதி இருக்கைகள் காலியாகக் கிடக்கும். வாடகை கழுத்தை நெரிக்கும். தாதரின் சபில்தாஸ் பள்ளிக்கூட மண்டபத்தில்தான் சோதனை நாடகங்கள் ஓரளவு மூச்சுவிட்டன.

கட்டடக் கலைஞர் வேத் சேகன் வடிவமைத்த பிருத்வி அரங்கு இந்தக் குறையை அறிந்து எழுப்பப்பட்டது. சுமார் 200 இருக்கைகள் மட்டும். மேடை முன்னோக்கி நீண்டிருக்க, மூன்று பக்கமும் பார்வையாளர்கள் அமர்வார்கள். கடைசி வரிசையில் இருப்பவருக்கும் நடிகரின் கண்ணசைவு தெரியும், முணுமுணுப்பு கேட்கும். ஒலிபெருக்கியை நம்ப வேண்டியதில்லை. பள்ளிக்கூட மண்டபங்களிலும் அரண்மனை முற்றங்களிலும் பார்வையாளர்களுக்கு எதிரே கைக்கெட்டும் தொலைவில் நின்று நடித்துப் பழகிய ஒருவருக்கு இந்த நெருக்கத்தின் அருமை நன்றாகத் தெரிந்திருக்கும்.

1978ஆம் ஆண்டு நவம்பரில் அரங்கு திறக்கப்பட்டது. முதல் நாடகம் கோ.பு. தேஷ்பாண்டே எழுதிய உத்வஸ்த தர்மசாலா. நடித்தவர்கள் நசீருதீன் ஷா, ஓம் புரி, பெஞ்சமின் கிலானி ஆகியோர். அரசியல் நம்பிக்கைக்காக விசாரணைக்கு உள்ளாக்கப்படும் பேராசிரியர் ஒருவரைப் பற்றிய அந்த நாடகம் திறப்பு விழாவுக்குரிய மங்கல நாடகமன்று. திரையுலகின் முதல் குடும்பம் திறக்கும் அரங்கில் நட்சத்திரக் கேளிக்கையை எதிர்பார்த்தவர்களுக்கு அது தெளிவான அறிவிப்பாக அமைந்தது. மறு ஆண்டு ஜூலையில் நசீருதீன் ஷா, பெஞ்சமின் கிலானி, டாம் ஆல்டர் ஆகியோரின் மோட்லி குழு சாமுவேல் பெக்கெட்டின் கோடோவுக்காகக் காத்திருத்தல் நாடகத்தோடு இங்கேதான் பிறந்தது.

ஜெனிஃபர் அந்த மேடையைத் தம் நடிப்பைக் காட்டும் இடமாக ஆக்கிக்கொள்ளவில்லை என்பது கவனிக்கத்தக்கது. நாடகக்காரர்கள் சொந்தமாக அரங்கு கட்டினால் முதலில் தாமே ஏறி நிற்பார்கள், அதில் தவறும் இல்லை. இவரோ குழுக்களுக்கு நாள் ஒதுக்குவது, வாடகையைக் குறைவாக வைப்பது, காட்சி நேரம் தவறாமல் பார்ப்பது, கட்டடத்தைத் தூய்மையாக வைப்பது என நிர்வாகத்தில் மூழ்கினார். ஒரு காட்சிக்குத் தாமதமானால் அடுத்த ஊருக்கான ரயிலைத் தவறவிட நேரும் என்ற நாடோடிக் குழுவின் கண்டிப்பு ஜுஹுவுக்கு வந்து சேர்ந்தது. மூன்றாவது மணி அதன் அடையாளம்.

வயலெட் ஸ்டோன்ஹம்

அரங்கு திறந்த காலத்தை ஒட்டியே திரையிலும் அவருக்குத் தகுந்த வேடங்கள் வரத் தொடங்கின. சசி கபூர் தயாரிப்பாளராக மாறி, நல்ல படங்களுக்குத் தம் சேமிப்பைச் செலவிட ஆரம்பித்திருந்தார். முதல் படம் ஷியாம் பெனகல் இயக்கிய ஜுனூன். ரஸ்கின் பாண்டின் கதையை அடிப்படையாகக் கொண்டது. 1857ஆம் ஆண்டின் கிளர்ச்சியில் கணவரை இழந்து, மகளோடும் தாயோடும் ஒளிந்து வாழும் மரியம் என்ற பெண்ணாக ஜெனிஃபர் நடித்தார். மகளை மணக்கத் துடிக்கும் பட்டாணிய வீரன் ஜாவேதின் பாதுகாப்பில்தான் அவர்கள் தங்க வேண்டியிருக்கிறது. தில்லி கிளர்ச்சியாளர்கள் வசம் நிலைத்தால் மகளைத் தருவதாகவும், ஆங்கிலேயர் வென்றால் அந்த எண்ணத்தையே அவன் விட்டுவிட வேண்டும் என்றும் மரியம் நிபந்தனை விதிக்கிறாள். கையில் எந்த வலிமையும் இல்லாத ஒரு தாய், காலத்தை மட்டும் துணையாகக் கொண்டு பேரம் பேசும் இடம் அது. அழுகையோ உரத்த குரலோ இன்றி உருது உரையாடலில் அதை ஜெனிஃபர் கையாண்ட விதம் படத்தின் முதுகெலும்பு. ஜாவேதாக நடித்தவர் சசி. அந்த ஆண்டின் சிறந்த இந்திப் படத்துக்கான தேசிய விருதை ஜுனூன் பெற்றது.

அதன் பின் வந்தது 36 சௌரங்கி லேன். நடிகை அபர்ணா சென் எழுதிய கதையைப் படித்த சத்யஜித் ராய் அதைப் படமாக்குமாறு ஊக்கப்படுத்தினார். சசி கபூர் தயாரிக்க முன்வந்தார். அபர்ணா சென்னுக்கு அதுவே முதல் இயக்கம். 1981ஆம் ஆண்டில் படம் வெளிவந்தது.

கல்கத்தாவில் பெண்கள் பள்ளியொன்றில் ஷேக்ஸ்பியர் கற்பிக்கும் முதிய ஆங்கிலோ இந்திய ஆசிரியை வயலெட் ஸ்டோன்ஹம். உறவினர்கள் வெளிநாடு போய்விட்டார்கள். அண்ணன் முதியோர் இல்லத்தில் இருக்கிறார். வீட்டில் துணை ஒரு பூனை மட்டும், அதற்கும் ஷேக்ஸ்பியர் பாத்திரத்தின் பெயர். புதிய தலைமை ஆசிரியை வந்ததும் ஷேக்ஸ்பியர் பாடம் அவரிடமிருந்து பறிக்கப்பட்டு, சிறு வகுப்புகளுக்கு இலக்கணம் கற்பிக்கும் வேலை தரப்படுகிறது. பழைய மாணவி ஒருத்தியும் அவளுடைய காதலனும் தனிமைக்கு இடம் தேடி அலைகிறார்கள். நாவல் எழுத இடம் வேண்டும் என்று பொய் சொல்லி அவருடைய வீட்டைப் பகல் நேரத்தில் பயன்படுத்திக்கொள்கிறார்கள். வயலெட்டுக்கோ மாலையில் பேச்சுத் துணை கிடைத்த மகிழ்ச்சி. அவர்களுக்குத் திருமணமாகி, வீடு அமைந்ததும் அவர் தேவையற்றவராகிறார். கிறிஸ்துமஸ் இரவில் தாமே செய்த கேக்கை எடுத்துக்கொண்டு போகிறார். ஊரில் இருக்கமாட்டோம் என்று சொன்னவர்களின் வீட்டில் விருந்து நடப்பதை வெளியே நின்று காண்கிறார். கதவைத் தட்டாமலேயே திரும்பி நடக்கிறார். ஆளற்ற இரவில் தெருநாய் ஒன்று பின்தொடர, லியர் அரசனின் வரிகளை அதனிடம் சொல்லிக்கொண்டே செல்கிறார்.

தம்மைவிடப் பல ஆண்டுகள் மூத்த ஒருத்தியாக ஜெனிஃபர் நடித்தார். ஒப்பனை பாதி வேலையைத்தான் செய்தது. படிக்கட்டில் ஏறும்போது கைப்பிடியைப் பற்றும் முறை, கடிதத்தைப் பிரிக்குமுன் ஒரு கணம் நிறுத்தும் தயக்கம், பாராட்டை எதிர்பார்க்காதவரின் திடீர் வெட்கம் ஆகியவற்றால் அவர் வயலெட்டை உருவாக்கினார். இரக்கத்தைக் கேட்டு வாங்கும் நடிப்பன்று அது. நாட்டின் பள்ளிக்கூட மண்டபங்களில் ஷேக்ஸ்பியரைப் பேசி வளர்ந்த ஒருவர், அந்த வரிகளைக் கேட்க நாயைத் தவிர யாருமில்லாத ஒரு பெண்ணாக நிற்கிறார். ஷேக்ஸ்பியரானாவின் பழைய பார்வையாளர்கள் யாரேனும் அந்தக் காட்சியைக் கண்டிருந்தால் அவர்களுக்கு அது வெறும் கதையாக இருந்திருக்காது. வயலெட்டின் அண்ணன் எடியாக நடித்தவர் ஜெஃப்ரி கெண்டல். 1958ஆம் ஆண்டில் மகள் குழுவை விட்டுச் சென்றதைத் தாங்கிக்கொள்ள முடியாதவர், இருபத்து மூன்று ஆண்டுகளுக்குப் பின் வந்த இப்படத்தில், மகள் வந்து பார்த்துப் போகக் காத்திருக்கும் முதியவராக அவருக்கு எதிரே அமர்ந்திருந்தார். இளவயது வயலெட்டாக வந்தவர் ஜெனிஃபரின் மகள் சஞ்சனா. ஒரே படத்தில் மூன்று தலைமுறை.

அபர்ணா சென்னுக்குச் சிறந்த இயக்குநருக்கான தேசிய விருது கிடைத்தது. மணிலா பட விழாவில் படம் முதல் பரிசு பெற்றது. ஜெனிஃபருக்குப் பிரிட்டனின் பாஃப்டா விருதுக்குச் சிறந்த நடிகை பிரிவில் பரிந்துரை கிடைத்தது. உடன் போட்டியிட்டவர்கள் கேதரின் ஹெப்பர்ன், டயான் கீட்டன், சிஸ்ஸி ஸ்பேசெக். விருது ஹெப்பர்னுக்குச் சென்றது. லண்டன் ஈவினிங் ஸ்டாண்டர்ட் நாளிதழின் சிறந்த நடிகை விருது ஜெனிஃபருக்கு வழங்கப்பட்டது. பிறந்த நாடு அவரை நடிகையாக அறிந்துகொண்டபோது அவருக்கு வயது ஐம்பதை நெருங்கியிருந்தது.

குறுகிய காலம்

1982ஆம் ஆண்டில் அவருக்குப் பெருங்குடல் புற்றுநோய் இருப்பது கண்டறியப்பட்டது. பிருத்வி அரங்கின் முதல் நாடக விழா 1983ஆம் ஆண்டில் நடைபெற்றது என்பதை இதோடு சேர்த்துப் பார்க்க வேண்டும். அதே ஆண்டில் ஐவரியின் ஹீட் அண்ட் டஸ்ட் வெளிவந்தது. அதில் மனம் பேதலித்த மருத்துவர் மனைவியாகச் சில காட்சிகளில் தோன்றினார். பின்னர் சத்யஜித் ராய் அழைத்தார். தாகூரின் நாவலைத் தழுவிய கரே பாய்ரே படத்தில், ஜமீன் வீட்டு மருமகள் பிமலாவுக்கு ஆங்கிலமும் பியானோவும் கற்றுத் தரும் மிஸ் கில்பி வேடம். சுதேசி இயக்கத்தின் கொந்தளிப்பில் மாணவன் ஒருவன் எறிந்த கல்லால் காயமுற்று, கற்பித்தலை நிறுத்திவிட்டு அவர் விடைபெறுகிறார். சிறிய வேடம்தான். இந்தியாவை விட்டுப் புறப்படும் ஆங்கிலப் பெண்ணாக ராயின் படத்தில் நடித்தது அவருடைய கடைசிப் பங்களிப்புகளில் ஒன்றாயிற்று.

1984ஆம் ஆண்டு செப்டம்பர் 7ஆம் தேதி லண்டனில் ஜெனிஃபர் காலமானார். அன்று அவருடைய தந்தைக்கு 75ஆவது பிறந்த நாள்.

சசி கபூர் அந்த இழப்பிலிருந்து முழுமையாக மீளவில்லை என்பதைத் திரையுலகம் நன்கறியும். உடல் பருத்தது, ஊக்கம் தளர்ந்தது. எனினும் 1986ஆம் ஆண்டின் நியூ டெல்லி டைம்ஸ் படத்துக்காகச் சிறந்த நடிகருக்கான தேசிய விருது அவருக்குக் கிடைத்தது. 1992ஆம் ஆண்டில் லாராவும், 1998ஆம் ஆண்டு மே மாதத்தில் ஜெஃப்ரியும் மறைந்தனர்.

அரங்கு மூடப்படவில்லை. முதலில் குணாலும் பின்னர் சஞ்சனாவும் அதை நடத்தினர். 2015ஆம் ஆண்டு மே மாதத்தில் சசி கபூருக்குத் தாதாசாகேப் பால்கே விருது வழங்கப்பட்டபோது, உடல் நலிந்து சக்கர நாற்காலியில் இருந்த அவருக்காக விழா பிருத்வி அரங்கிலேயே நடத்தப்பட்டது. 2017ஆம் ஆண்டு டிசம்பர் 4ஆம் தேதி அவரும் மறைந்தார்.

ஜெனிஃபரின் பிறந்த நாளான பிப்ரவரி 28 அன்று, அவர் நினைவாகத் தபேலா மேதை ஜாகிர் உசேன் பிருத்வி மேடையில் வாசிப்பதைப் பல ஆண்டுகளாக வழக்கமாகக் கொண்டிருந்தார். உலகின் பெரிய அரங்குகளை நிரப்பிய அவர், 2024ஆம் ஆண்டு டிசம்பரில் தாம் மறையும் வரை, அந்த 200 இருக்கை அரங்கின் மீது கொண்ட பற்றை விடவில்லை.